வந்தான் வரத்தான்

2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் கொண்டுவந்த மழையில் மலையகம் சரிந்தது. நாடெங்கும் 600க்கும் அதிகமானோர் உயிரிழந்தனர். கண்டி, நுவரெலியா, பதுளை மாவட்டங்களே அதிகம் பறிகொடுத்தன. மண்ணுக்கு அடியில் போன லயங்களில் எமது உறவுகளும் இருந்தார்கள். மிஞ்சியவர்கள் பாடசாலைக் கட்டிடங்களில் பாய் விரித்துப் படுத்திருந்த நாட்களிலேயே ஒரு பேச்சு காதில் விழுந்தது: "சரிகிற மலையில் ஏன் கிடக்கிறீர்கள்? வடக்கில் காணி சும்மா கிடக்கிறது, வந்து குடியேறுங்கள்." மலையகத் தலைவர்கள் சிலரும் அதைப் பேசினார்கள், வடக்குத் தலைவர்கள் சிலரும் கை நீட்டினார்கள். அந்தப் பேச்சின் சூடு ஆறும் முன்பே எதிர்ப்பேச்சும் வந்தது: "வந்தான் வரத்தானுக்கெல்லாம் காணியைக் கொடுத்தால் ஊர்க்காரன் எங்கே போவது?"

அழைத்தவர்களின் மனதை நாம் குறை சொல்லவில்லை. ஆபத்தில் கை நீட்டியவரை மறப்பது எமது வழக்கம் அல்ல. ஆனால் அழைத்த பேச்சிலும் மறுத்த பேச்சிலும் ஒன்று குறைந்தது. தோட்டத் தொழிலாளியிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை. ஒருவர் எம்மை இறக்கி வைக்க இடம் தேடினார். மற்றவர் இடமில்லை என்றார். இந்த விடயத்தில் எமது சங்கம் என்ன நினைக்கிறது என்பதைத் தோழர்கள் தெளிவாகத் தெரிந்துகொள்ள வேண்டும். அதற்காகவே இதை எழுதுகிறோம்.

வடக்கில் காணி சும்மா கிடக்கிறது என்பவர்கள் முதலில் கைகாட்டுவது யாழ்ப்பாணத்துத் தீவகத்தை. வேலணை, ஊர்காவற்றுறை, புங்குடுதீவு, நயினாதீவு, அனலைதீவு, எழுவைதீவு, நெடுந்தீவு என்று நீளும் ஊர்கள். எம்மில் சிலர் அண்மையில் அங்கே போய்ப் பார்த்துவந்தோம். பண்ணைப் பாலத்தைக் கடந்து, வேலணையைத் தாண்டி, புங்குடுதீவுத் தாம்போதியில் பஸ் ஓடும்போது இரண்டு பக்கமும் கடல். ஊருக்குள் நுழைந்தால் மதில் கட்டிய பெரிய வளவுகள், பூட்டிய கேற்றுகள், கூரை விழுந்த கல்வீடுகள், முற்றத்தில் ஆளுயர வடலிகள். 1990, 1991ஆம் ஆண்டுகளில் போர் தீவகத்துக்குள் வந்தபோது சனம் யாழ்ப்பாணத்துக்கும் வன்னிக்கும் ஓடியது. அங்கிருந்து கொழும்பு, பிறகு பாரிஸ், லண்டன், சுவிஸ், ரொறன்ரோ. போனவர்களில் பலர் திரும்பவில்லை. 2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டில் நெடுந்தீவு முழுவதிலும் 4,000 பேர்கூட இல்லை.

ஒரு காம்பிராவில் மூன்று தலைமுறை படுத்தெழும்பும் எமக்கு, ஆளில்லாத ஆறு அறை வீட்டைப் பார்க்கும்போது நெஞ்சில் ஏதோ செய்யத்தான் செய்கிறது. ஆனால் பார்த்ததை உள்ளபடி சொல்ல வேண்டும். அங்கே சும்மா கிடக்கும் காணி என்று நாம் கண்டது குறைவு. பூட்டிய வீட்டுக்கும் சொந்தக்காரர் இருக்கிறார். அதன் உறுதி கடல் கடந்த ஊரில் ஓர் அலுமாரிக்குள் இருக்கிறது. ஒரே வளவுக்கு நாலு நாட்டில் எட்டுப் பங்காளிகள். தண்ணீரோ பெரும்பாலும் உவர். வேலணைச் சாட்டிப் பக்கம் போலச் சில இடங்களில்தான் நல்ல கிணறு உண்டு. மற்ற இடங்களில் பவுசரை எதிர்பார்த்திருக்க வேண்டும். நெடுந்தீவில் ஒருவருக்கு இரவில் வருத்தம் கடுமையானால், குறிகட்டுவான் துறைக்குப் படகில் வரவே ஒரு மணித்தியாலம் வேண்டும். அங்கேயே பிறந்து வளர்ந்தவர்கள் இத்தனைக்கும் நடுவில்தான் வாழ்கிறார்கள்.

எமது பக்கத்து முகங்களும் அங்கே இருந்தன. வெளிநாட்டுக்காரர் ஒருவரின் வளவைக் காவல் பார்க்கும் குடும்பத்தைக் கண்டோம். அந்தத் தங்கச்சி பேசிய முதல் வார்த்தையிலேயே ஊர் தெரிந்துவிட்டது. "வீட்டப் பாத்துக்கிறோம் சார், தேங்கா பொறுக்கிக்கிறோம், நல்லாத்தான் நடத்துறாங்க. ஆனா எங்க பேருல ஒண்ணும் இல்ல. அவங்க வித்துட்டா நாங்க பொட்டிய கட்டணும்" என்றார். தோழர்களே, துரையின் லயத்தில் எமக்கு இருப்பதும் இதே நிலைதான். வேலை இருக்கும்வரை கூரை. இடம் மாறினாலும் நிலை மாறவில்லை என்றால் அந்தப் பயணத்தால் எமக்குக் கிடைத்தது என்ன?

குறிகட்டுவானில் படகுக்குக் காத்திருந்தபோது ஒரு பெரியவரோடு பேசினோம். நாம் எங்கிருந்து வருகிறோம் என்று கேட்டார். சொன்னதும் சிரித்தார். "தம்பியவை, எங்கட ஐயாவுக்கும் மலைநாட்டு டவுனிலைதான் கடை. உங்கட சனம் சம்பளத்தண்டு வந்து கொப்பியிலை கழிப்பினம். 83இலை கடையை எரிச்சுப்போட்டாங்கள். அங்கை எங்களை வந்தவங்கள் எண்டாங்கள். இப்ப சுவிசிலை என்ரை பேரனையும் அப்பிடித்தான் சொல்லுறாங்களாம்" என்றார்.

அவர் சொன்னது தீவகத்தின் பாதி வரலாறு. காரைநகர், புங்குடுதீவு, வேலணை, நயினாதீவு ஊர்களிலிருந்து வந்தவர்கள் கொழும்பிலும் தெற்கிலும் மலையகத்திலும் கடை வைத்தார்கள். மண் உவர், மழை குறைவு. பிழைப்புக்கு ஊரைவிட்டு வெளிக்கிட வேண்டியிருந்தது. எமது பாட்டன்மார் வந்ததும் பிழைப்புக்குத்தான். அவர்களுக்குக் கடைப் பலகை கிடைத்தது, இவர்களுக்குக் கொழுந்துக் கூடை கிடைத்தது. அந்தக் கடைகளில் எமது சனம் பட்ட கடனும் உண்டு, பஞ்ச காலத்தில் அரிசி தந்த கடைக்காரரும் உண்டு. 1958, 1977, 1983 என்று தீ வந்தபோது லயம் என்றோ கடை என்றோ அது பார்க்கவில்லை. எரித்தவன் கண்ணுக்கு இரண்டு பேரும் வந்தவர்களே.

இந்தச் சொல்லின் அடியை எம்மை விட அதிகம் வாங்கியவர்கள் இந்தத் தீவில் இல்லை. 1820களில் தொடங்கி, தலைமன்னாரில் இறங்கிய எமது மூதாதையர் காட்டு வழியே மாத்தளைக்கு நடந்தார்கள். 2023இல் அந்த 200 ஆண்டை நினைத்து அதே பாதையில் மக்கள் மீண்டும் நடந்தார்கள். நடுவில் நடந்தது என்ன? 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் எம்மை நாடற்றவர்கள் ஆக்கியது. 1947 தேர்தலில் பாராளுமன்றத்துக்குத் தம் பிரதிநிதிகளை அனுப்பிய சனம் 1952இல் ஒருவரையும் அனுப்ப முடியவில்லை. இந்தக் கேள்வியிலேதான் தமிழ்க் காங்கிரஸ் பிளந்து 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சி பிறந்தது என்பதையும் வடக்கு நினைவில் வைத்திருக்க வேண்டும். 1964 ஒக்டோபரில் சிறிமாவும் சாஸ்திரியும் உட்கார்ந்து 525,000 பேர் உனக்கு, 300,000 பேர் எனக்கு என்று தலை எண்ணிப் பிரித்தார்கள். மிச்சம் 150,000 பேர்; அவர்களை 1974இல் ஆளுக்குப் பாதியாகப் பங்கிட்டார்கள். 1953இல் 974,000 ஆக இருந்த எமது தொகை 1981இல் 818,000 ஆகக் குறைந்தது. நாட்டின் மொத்தச் சனத்தொகை பெருகியபோது ஓர் இனம் சட்டத்தால் சுருங்கியது. எஞ்சிய நாடற்றவர்களுக்கும் குடியுரிமை கொடுக்க 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம்வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்த ஆண்டுகளில் எமக்கு எத்தனை பெயர்! வடகரைக்குத் தோணியில் வந்திறங்குபவர்களைப் பிடிக்க 1952இல் இராணுவத்தை இறக்கினார்கள். 1963இல் அதற்கென்றே தனிப் படை அமைத்தார்கள், 1981வரை அது இருந்தது. அங்கே பிறந்த 'கள்ளத்தோணி' என்ற சொல், நூறு வருடத்துக்கு முன்பே துரைமாரின் கணக்குப் புத்தகத்தில் பேர் பதிந்து வந்த எம் தலையில் விழுந்தது. யாழ்ப்பாணத்தில் 'தோட்டக்காட்டான்'. ஒப்பந்தத்தில் கப்பலேறி நீலகிரிக்குப் போனவர்கள், கூடலூரிலும் கோத்தகிரியிலும் அதே தேயிலையைத்தான் பறித்தார்கள். அங்கே அவர்கள் 'சிலோன்காரன்'. இந்தியன் என்று சொல்லி அனுப்பப்பட்டவன், இந்தியாவில் இறங்கியதும் இலங்கைக்காரன் ஆனான்.

வடக்கிலே குடியேறுவதும் எமக்குப் புதிதல்ல. 1977 வன்செயலில் அடிபட்ட ஆயிரக்கணக்கான குடும்பங்கள் வவுனியா, கிளிநொச்சி, முல்லைத்தீவுக் காடுகளுக்குப் போயின. டாக்டர் இராஜசுந்தரமும் கட்டிடக் கலைஞர் டேவிட்டும் நடத்திய காந்தீயம் அமைப்பு அவர்களுக்குக் கிணறு வெட்டியது, பாலர் பாடசாலை நடத்தியது. இராஜசுந்தரம் 1983 ஜூலையில் வெலிக்கடைச் சிறையில் கொல்லப்பட்டார். எம்மை ஊர்க்காரராக்கப் பாடுபட்டு உயிரையும் கொடுத்த யாழ்ப்பாணத்தவர்கள் உண்டு என்பதை நாம் ஒருநாளும் மறக்கக் கூடாது.

அதே நேரம் கிளிநொச்சியில் பாரதிபுரம், மலையாளபுரம், சாந்தபுரம், கிருஷ்ணபுரம் என்ற ஊர்களில் இருக்கும் எமது உறவுகளிடம் கேளுங்கள். இரணைமடுக் குளத்து நீர் பாயும் வயல் முந்தி வந்தவர்களுக்கு. பிந்தி வந்த எமது சனத்துக்குப் பெரும்பாலும் மேட்டுக்காணி. நாற்பது ஆண்டுக்கு மேல் குடியிருந்தும் உறுதி கைக்கு வராத குடும்பங்கள் இருக்கின்றன. வயலுக்கும் வீட்டுக்கும் கூலிக்குப் போனார்கள். போரின் கடைசி மாதங்களில் மற்ற வன்னி மக்களோடு முள்ளிவாய்க்கால்வரை அவர்களும் நடந்தார்கள். செத்தபோது தமிழர் என்று எண்ணப்பட்டவர்கள், காணி கேட்டபோது மட்டும் மலையகத்தார் ஆனார்கள் என்று அங்கே ஒரு தாய் எம்மிடம் சொன்னார். அதற்கு மேல் நாம் விளக்கம் சொல்ல வேண்டியதில்லை.

வடக்கு மக்களின் பயத்தை நாம் எள்ளி நகையாடவில்லை. 2010 பொதுத் தேர்தலில் யாழ்ப்பாண மாவட்டத்துக்கு 9 ஆசனம். 2015இல் 7. 2024இல் 6. சனம் குறையக் குறையக் குரலும் குறைகிறது. 1949இல் கல்லோயாவில் தொடங்கிய அரச குடியேற்றத்தையும், மணலாறு வெலிஓயா ஆனதையும் பார்த்த மக்கள், புதிதாக யார் வந்தாலும் ஒருமுறை உற்றுப் பார்ப்பார்கள். ஆனால் ஒரு வித்தியாசத்தைப் பிரித்தறிய வேண்டும். அரசு திட்டம் போட்டு, பட்டாளத்தைக் காவல் வைத்து, இருப்பவனை எழுப்பிவிட்டு இன்னொருவனைக் குடியேற்றுவது ஆக்கிரமிப்பு. கூரை இழந்த ஏழை பிழைக்க இடம் தேடி வருவது வேறு. 1984இல் டொலர் பாம், கென்ற் பாம் பகுதிகளில் அரச குடியேற்றத்துக்கு இடம் விட விரட்டப்பட்டவர்கள் யார்? 1977இல் ஓடிப்போய்க் காடு வெட்டிக் குடியிருந்த மலையகக் குடும்பங்கள். எல்லையில் நின்று முதல் அடி வாங்கியவர்களை எல்லை மீற வந்தவர்கள் என்பது நியாயமா?

இந்த இடத்தில் எமது முகத்தையும் கண்ணாடியில் பார்க்க வேண்டும். வந்தான் வரத்தான் என்ற சொல் யாழ்ப்பாணத்தில் மட்டும் விளையவில்லை. மண்சரிவுக்குப் பிறகு பக்கத்துத் தோட்டத்திலிருந்து வந்து தங்கிய குடும்பங்களை, "வெளித்தோட்டத்து ஆள், எங்க பைப்புல தண்ணி பிடிக்கக் கூடாது" என்று தடுத்ததாக எமது சங்கத்துக்கே முறைப்பாடு வந்தது. தடுத்தவரும் எமது அங்கத்தவர், தடுக்கப்பட்டவரும் எமது அங்கத்தவர். நகரத்தில் ஒரு முஸ்லிம் வியாபாரி புதிதாகக் கடை திறந்தால், "இவனுங்க பெருகிட்டானுங்க" என்ற முணுமுணுப்பு தோட்டத்து டீக்கடையிலும் கேட்கிறது. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாணத்து முஸ்லிம்களை இரண்டு மணித்தியால அவகாசத்தில் வெளியேற்றினார்கள். வடக்கு முழுவதிலும் அந்த மாதம் ஏறக்குறைய 75,000 பேர் ஊரிழந்தார்கள். தலைமுறை தலைமுறையாக அங்கே வாழ்ந்தவர்கள் அவர்கள். போர் முடிந்து திரும்பியபோது தம் சொந்த ஊரிலேயே அவர்கள் புதிதாக வந்தவர்கள் போலப் பார்க்கப்பட்டார்கள். நயினாதீவுக்குப் போய்ப் பாருங்கள்: நாகபூசணி அம்மன் கோயிலும் நாகவிகாரையும் பள்ளிவாசலும் அந்தச் சின்னத் தீவுக்குள்ளேயே இருக்கின்றன. யார் முதலில் வந்தார் என்று தோண்டத் தொடங்கினால் கடல் தண்ணீர்தான் வரும்.

ஆசிரியர்கள் என்ற முறையில் இன்னொன்றும் சொல்ல வேண்டும். பல்கலைக்கழக அனுமதியில் 40 வீதம் திறமைக்கு, 55 வீதம் மாவட்டத்துக்கு, 5 வீதம் பின்தங்கிய மாவட்டங்களுக்கு. நுவரெலியா, பதுளைப் பிள்ளைகளுக்கு இருக்கும் அந்தச் சிறு வாசலில், வேறு மாவட்டத்தில் படித்துவிட்டு இங்கே பெயர் பதிந்து சோதனை எழுதி நுழைபவர்கள் மீது பெற்றோருக்குக் கோபம் உண்டு. அந்தக் கோபம் நியாயமானது. பதிவு விதியை இறுக்க வேண்டும் என்று நாமும் கேட்கிறோம். ஆனால் அது விதியை ஏமாற்றுபவர் மீதான கோபமாக இருக்கட்டும். அதற்காக, எம் பிள்ளைகளுக்குக் கணிதமும் விஞ்ஞானமும் சொல்லிக்கொடுக்க வடக்கிலிருந்து வந்து வாடகை அறையில் தங்கியிருக்கும் ஆசிரியையை "யாழ்ப்பாணத்தாள்" என்று ஒதுக்கினால் நஷ்டம் யாருக்கு? பிழை செய்தவனைப் பிழைக்காகப் பிடி. ஊரைச் சொல்லிப் பிடிக்காதே.

உலகம் முழுக்க இன்று இந்தப் பேச்சுத்தான். 1986இல் கனடாவின் நியூபவுண்லாந்துக் கரையில் உயிர்காப்புப் படகுகளில் தத்தளித்த 155 தமிழரை மீனவர்கள் காப்பாற்றினார்கள். 2010இல் 492 பேருடன் சன் சீ கப்பல் அதே நாட்டுக்குப் போனபோது அவர்களைத் தடுப்பில் வைத்தார்கள். 2024 ஓகஸ்டில் இங்கிலாந்தின் ரொதர்ஹமில் அகதிகள் தங்கியிருந்த ஹோட்டலுக்குக் கூட்டம் ஒன்று தீ வைக்கப் பார்த்தது. அங்கெல்லாம் வாழும் தீவகத்துப் பிள்ளைகள் கேட்பதும் தாம் உழைக்கும் ஊரில் மரியாதையையே. அவர்களின் தாய் தகப்பனுடைய பூட்டிய வீட்டு வாசலில் நிற்கும் எமது தங்கச்சி கேட்பதும் அதையே. அங்கே ஒரு நியாயம், இங்கே ஒரு நியாயம் இருக்க முடியாது.

ஆகவே எமது நிலைப்பாடு இது.

முதலாவது, எமது காணி உரிமை மலையகத்தில். 200 ஆண்டு நாம் உழைத்த மண்ணில், சரிவு ஆபத்தில்லாத இடத்தில், உறுதியோடு காணியும் வீடும் வேண்டும். வடக்குக்கு வா என்ற அழைப்பைக் காட்டி அரசாங்கமும் கம்பனிகளும் இந்தப் பொறுப்பிலிருந்து நழுவ விடமாட்டோம். ஏழு பேர்ச்சஸ் தருவதற்கே வருடக்கணக்காக இழுத்தவர்களுக்கு, ஆட்கள் தாமாகவே வெளிக்கிட்டால் அதைவிட வசதி வேறில்லை.

இரண்டாவது, வடக்குக்கோ வேறெங்குமோ போக விரும்பும் குடும்பத்தின் விருப்பத்தை நாம் தடுக்கமாட்டோம். ஆனால் பொது மேடைப் பேச்சை நம்பிப் பெட்டி கட்ட வேண்டாம். காணி யார் பேரில், உறுதி எப்போது, தண்ணீர் எங்கே, பிள்ளைக்குப் பாடசாலை எது, வாக்காளர் பதிவு எந்தக் கிராம உத்தியோகத்தர் பிரிவில் என்பது எழுத்தில் வேண்டும். குடும்பத் தலைவியின் பெயரும் உறுதியில் இருக்க வேண்டும். காவல்காரராகவும் வீட்டு வேலைக்காரியாகவும் மட்டும் போவதென்றால், அது இன்னொரு லயம்.

மூன்றாவது, யாழ்ப்பாணத்துக்குள்ளேயே காணியில்லாமல் தலைமுறையாகத் தவிக்கும் ஏழைக் குடும்பங்கள் உண்டு. சாதியால் தள்ளி வைக்கப்பட்டவர்கள் அவர்களில் பலர். அவர்களைத் தாண்டி எமக்கு ஒரு துண்டு காணியும் வேண்டாம். அவர்களோடு வரிசையில் நின்று கேட்போம். வெளிநாட்டில் இருக்கும் காணிச் சொந்தக்காரர்களும் தம் வளவுகளில் எத்தனை தலைமுறைக்குப் பூட்டுத் தொங்கப் போகிறது என்று தம்மைத்தாமே கேட்க வேண்டிய காலம் இது.

நான்காவது, எமது கமிட்டிகளில், எமது வீடுகளில், எமது வகுப்பறைகளில் வந்தான் வரத்தான் என்ற சொல்லுக்கு இடமில்லை. வெளித்தோட்டத்துக் குடும்பத்துக்குத் தண்ணீர் மறுத்த இடத்துக்கு மாவட்டக் கமிட்டி நேரில் போகும். தண்ணீர் போதவில்லையென்றால் இன்னொரு பைப்புக்காகத் தோட்ட நிர்வாகத்திடம் எல்லோரும் சேர்ந்து போவோம்.

தோட்டத் தலைவர்மாரும் மாதர் அணித் தலைவிகளும் அடுத்த மாதக் கூட்டத்துக்கு முன் தத்தம் டிவிசனில் வீடு வீடாகப் போய் ஒரு பட்டியல் எடுக்க வேண்டும். இருந்த இடத்திலேயே காணி கேட்பவர்கள் எத்தனை குடும்பம், பாதுகாப்பான வேறு டிவிசனுக்கு மாற விரும்புபவர்கள் எத்தனை, வடக்குக்குப் போக விரும்புபவர்கள் எத்தனை, என்ன நிபந்தனையில் என்பதை அவரவர் வாயால் சொல்ல எழுதிக்கொள்ளுங்கள். வெளித்தோட்டத்திலிருந்து வந்து தங்கியிருப்பவர்களையும் அதே பட்டியலில் சேர்த்து எழுதுங்கள். இனி எமக்காகப் பேச வருகிறவர் யாராக இருந்தாலும், அந்தப் பட்டியலைக் கையில் வாங்கிக்கொண்டு பேசட்டும்.